புராஜெக்ட் முடிந்தால் ஆள் எங்கே போவார்?

வேலூரில் ‘புராஜெக்ட்’ என்பது ஒரு வேலையின் பெயர், மருத்துவ ஆராய்ச்சியில் கெடு வைத்துக் கிடைக்கும் வேலை. “பொண்ணு என்ன பண்றா?” என்று கேட்டால், “புராஜெக்ட்ல இருக்கா” என்று பதில் வரும். கேட்டவருக்கு அது போதும். காலராவா, காசநோயா என்றெல்லாம் நோண்ட மாட்டார். அடுத்த கேள்வி, “எது வரைக்கும்?” என்பதுதான். சத்துவாச்சாரியிலோ காட்பாடியிலோ வரன் பேச வந்த வீட்டில் அதே கேள்வி கொஞ்சம் மரியாதையாக, “பர்மனென்ட் ஆயிடுமா?” என்று வரும்.

எங்கள் தெருவில் அப்படி ஒரு பெண் இருக்கிறாள். நுண்ணுயிரியலில் எம்.எஸ்சி. எட்டு வருடத்தில் நான்கு புராஜெக்ட். பீரோ டிராயரில் நான்கு ஐடி கார்டுகள் கிடக்கின்றன, நாடாவின் நிறம் மட்டும் வேறு வேறு. முதல் புராஜெக்ட்டில் ரத்தத்திலிருந்து சீரம் பிரிக்கக் கற்றாள். இரண்டாவதில் பிசிஆர். மூன்றாவதில், மற்றவர்கள் கம்ப்யூட்டரில் ஏற்றிய தகவல்களில் தப்புக் கண்டுபிடிப்பது. நான்காவதில் அவளே மூன்று பேருக்குச் சொல்லிக்கொடுத்தாள். நடுவில் ஒரு ஏழு மாதம் ஜவுளிக்கடையில் பில் போட்டாள். அந்த ஏழு மாதத்தைப் பற்றித்தான் இந்தக் கட்டுரை.

ஒரு நாட்டின் மருத்துவ ஆராய்ச்சிக்கு ஆள் தயாரிப்பது என்று பேச்சு வந்தால், உடனே எத்தனை பிஎச்.டி., எத்தனை ஃபெலோஷிப் என்று கணக்குப் போடுவார்கள். அது வேண்டிய கணக்குதான். ஆனால் பயிற்சி கொடுப்பது அதில் சுலபமான பாதி. பயிற்சி பெற்றவரை ஒரு புராஜெக்ட் முடிந்து அடுத்தது தொடங்கும்வரை எங்கே வைப்பது என்பதுதான் கஷ்டமான பாதி. இதை வேலூரில் உட்கார்ந்து பார்த்தால் நன்றாகவே தெரியும்.

ஒரு உதாரணத்தை விரிவாகப் பார்க்கலாம். 2002-லிருந்து சில வருடங்கள், சின்ன அல்லாபுரம், ராமநாயக்கன்பாளையம், கஸ்பா பகுதிகளில் பிறந்த குழந்தைகளை சிஎம்சி என்ற கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரியின் ஆராய்ச்சிக் குழு ஒன்று பிறந்த நாளிலிருந்து பின்தொடர்ந்தது. ரோட்டா வைரஸ் குழந்தைகளுக்கு வயிற்றுப்போக்கு உண்டாக்கும் கிருமி. ஒருமுறை வந்தால் அடுத்த முறை உடம்பு எவ்வளவு தாங்கும் என்பது கேள்வி. மெக்சிகோவில் நடந்த ஆய்வு, இரண்டு முறை தொற்று வந்துவிட்டால் அதற்குப் பிறகு கடுமையான வயிற்றுப்போக்கு வருவதில்லை என்று 1996-ல் சொல்லியிருந்தது. இங்கேயும் அப்படித்தானா?

அதைத் தெரிந்துகொள்ள என்ன செய்ய வேண்டியிருந்தது என்று யோசித்துப் பாருங்கள். களப்பணியாளர், அதாவது எல்லாரும் சொல்லும் ஃபீல்டு ஒர்க்கர், வாரத்துக்கு இரண்டு முறை வீட்டுக்குப் போக வேண்டும். இரண்டு வாரத்துக்கு ஒருமுறை குழந்தையின் மலத்தை டப்பாவில் வாங்கி ஐஸ் பெட்டியில் வைத்து லேபுக்குக் கொண்டுவர வேண்டும். இப்படி மூன்று வருடம். பீடி சுற்றிக்கொண்டிருக்கும் அம்மா, “போன வாரம்தானே குடுத்தேன்?” என்பாள். மாமியார், “எதுக்குடி இதெல்லாம்?” என்பாள். குடும்பம் திடீரென்று ஆம்பூருக்குக் குடிபோகும். இத்தனையையும் தாண்டி 373 குழந்தைகள் மூன்று வருடத்தை முடித்தார்கள். விடை 2011-ல் வெளிவந்தது. வேலூர்க் குழந்தைகளில் பாதிக்கும் மேற்பட்டவர்களுக்கு ஆறு மாதத்துக்குள்ளேயே தொற்று வந்துவிடுகிறது. மூன்று முறை தொற்று வந்த பிறகும் மிதமான, கடுமையான நோயிலிருந்து கிடைக்கும் பாதுகாப்பு 79 சதவீதம்தான். மெக்சிகோ கணக்கு இங்கே செல்லாது.

இந்த ஒரு எண்ணால், நம் ஊரில் ரோட்டா தடுப்பூசியிடம் எவ்வளவு எதிர்பார்க்கலாம் என்பதே மாறியது. பிறகு உள்நாட்டுத் தடுப்பு மருந்தான ரோட்டாவாக்கை டெல்லி, புணே, வேலூர் மூன்று இடங்களில் 6,799 குழந்தைகளிடம் சோதித்தார்கள். கடுமையான வயிற்றுப்போக்கைப் பாதிக்குச் சற்று அதிகமாகக் குறைக்கிறது என்று தெரிந்தது. 2016-ல் அரசின் தடுப்பூசித் திட்டத்தில் சேர்ந்தது. அந்த ஆய்வுக்கு வேலூரில் ஆள் தேடி அலைய வேண்டியிருக்கவில்லை. சந்துகளின் வழியும், எந்த வீட்டில் எந்த நேரத்தில் கதவு திறந்திருக்கும் என்பதும் தெரிந்த ஒரு கூட்டம் ஏற்கெனவே இங்கே உருவாகியிருந்தது. ஆய்வுக் கட்டுரையில் ஆசிரியர்களாக வரும் பெயர்கள் சில. குழந்தை அழாமல் ரத்தம் எடுக்கத் தெரிந்த கைகள் வேறு.

இப்படி ஒரு கூட்டம் உருவாக எத்தனை காலம் ஆகும்? வேலூரைப் பொறுத்தவரை சுமார் அரை நூற்றாண்டு ஆனது. ஐடா ஸ்கட்டர் 1918-ல் பெண்களுக்காகத் தொடங்கிய மருத்துவப் பள்ளி, அதாவது இன்றைய சிஎம்சி, 1942-ல் எம்பிபிஎஸ் கல்லூரி ஆனது. 1947-ல் ஆண்களையும் சேர்த்தார்கள். அதற்குப் பிந்தைய வருடங்களில் செல்வின் பேக்கர் என்ற ஆஸ்திரேலிய மருத்துவர் இங்கே ஸ்ப்ரூ என்ற குடல் நோயை ஆராய்ந்தார். சாப்பிட்டது உடம்பில் ஒட்டாமல், ஆளை உருக்கும் நோய் அது. 1960-களின் தொடக்கத்தில் வட ஆற்காட்டுக் கிராமங்களில் ஆயிரக்கணக்கானவர்களைப் பிடித்தது. பிரிட்டனின் வெல்கம் அறக்கட்டளை உதவியில் அந்த வேலைக்கென ஒரு ஆய்வுக்கூடம் வந்தது. பேக்கருக்குப் பின் அதை வி.ஐ. மாத்தன் நடத்தினார். அந்தக் குடல்நோய்த் துறையில்தான், ரோட்டா ஆய்வை வழிநடத்திய ககன்தீப் காங் வளர்ந்தார். இதே கல்லூரியில் எம்பிபிஎஸ், எம்.டி., 1998-ல் பிஎச்.டி., அப்புறம் அமெரிக்காவின் ஹூஸ்டனில் மேற்பயிற்சி, திரும்பவும் வேலூர். 2019-ல் லண்டன் ராயல் சொசைட்டியின் ஃபெலோ ஆன முதல் இந்தியப் பெண் விஞ்ஞானி அவர்.

நாதஸ்வரக்காரர் வீட்டுப் பரம்பரை போல இது ஒரு வரிசை. ஒருவர் போனபோது அடுத்தவர் அதே அறையில் ஏற்கெனவே உட்கார்ந்திருந்தார். ஸ்ப்ரூவுக்காக வாங்கிய மைக்ராஸ்கோப், அதற்காகப் பழகிய டெக்னீஷியன், அதற்காகப் பேசி வைத்த கிராமம் எல்லாம் அடுத்த நோய்க்கும் கைகொடுத்தன. ஹூஸ்டனிலிருந்து திரும்பி வருவதற்கு ஒருவருக்கு ஓர் இடம் இருந்தது என்பதை நான் பெரிய விஷயமாக நினைக்கிறேன். திரும்பி வராதவர்களைப் பற்றி நாட்டுப்பற்று இல்லை என்று திட்டுகிறோம். திரும்பினால் எந்த மேஜையில் உட்காருவார்கள் என்று யாரும் கேட்பதில்லை.

எத்தனை ஆராய்ச்சியாளர்கள் வேண்டும் என்ற கேள்வியைச் சட்டத்திலேயே எழுதி வைத்த நாடு அமெரிக்கா. அந்தக் கதை கொஞ்சம் சுவாரசியமானது. 1973-ல் நிக்சன் அரசு, மருத்துவ ஆராய்ச்சிப் பயிற்சிக்குக் கொடுத்துவந்த உதவித்தொகைகளை மூட்டை கட்டப் பார்த்தது. படித்தவர்கள் நாளைக்கு நன்றாகச் சம்பாதிக்கத்தானே போகிறார்கள், அவர்கள் படிப்புக்கு அரசு எதற்குச் செலவழிக்க வேண்டும் என்பது வாதம். நாடாளுமன்றம் விடவில்லை. 1974-ல் தேசிய ஆராய்ச்சிச் சட்டம் வந்தது. உயிர்மருத்துவம், நடத்தை அறிவியல் இரண்டிலும் பயிற்சி பெறுபவர்களுக்குத் தேசிய உதவித்தொகை என்றது அந்தச் சட்டம். கூடவே, நாட்டுக்கு இப்படிப்பட்டவர்கள் எத்தனை பேர் தேவை என்று தேசிய அறிவியல் அகாதமி அவ்வப்போது ஆராய்ந்து சொல்ல வேண்டும் என்றது. 1975-லிருந்து 2011 வரை அப்படி அறிக்கைகள் வந்தன.

வாங்கிய உதவிக்கு உழைத்துக் கடன் தீர்க்க வேண்டும் என்றும் அதில் ஒரு விதி உண்டு. வேலூர்க்காரர்களுக்கு இது புதிதாகத் தோன்றாது. சிஎம்சியில் படித்துவிட்டு, தங்களை அனுப்பிய மிஷன் மருத்துவமனைகளில் இரண்டு வருடம் வேலை பார்க்கப் போகிறவர்களை நாம் பல காலமாகப் பார்க்கிறோம்.

அதே 1974 சட்டத்தின் மறுபாதி, ஆய்வுக்கு உட்படும் மனிதர்களைப் பாதுகாக்க ஒரு குழுவை அமைத்தது. அமெரிக்காவின் டஸ்கீகியில் சிபிலிஸ் என்ற பால்வினை நோய் வந்த கறுப்பின ஆண்களுக்கு மருந்து கொடுக்காமல் 40 வருடம் வேடிக்கை பார்த்த கொடுமை 1972-ல்தான் வெளியே வந்திருந்தது. ஆராய்ச்சிக்கு ஆள் தயாரிப்பதும் அந்த ஆளுக்கு எல்லை கட்டுவதும் ஒரே சட்டத்தில் இருந்தது எனக்குப் பொருத்தமாகவே படுகிறது. சின்ன அல்லாபுரத்து அம்மா, “எதுக்கு?” என்று கேட்கும்போது ஒழுங்காகப் பதில் சொல்லத் தெரிவதும் பயிற்சியில் சேர்த்திதான்.

சரி, சட்டம் போட்டதும் அங்கே எல்லாம் சரியாகிவிட்டதா? இல்லை. அங்கே நடந்ததைப் புரிந்துகொள்ள பாலாற்றைப் பார்த்தால் போதும். வருடக்கணக்கில் மணல். 2021 நவம்பரில் திடீரென்று இரு கரையும் தொட்டு வெள்ளம். அமெரிக்காவில் 1998-லிருந்து 2003 வரை ஐந்து வருடத்தில், மருத்துவ ஆராய்ச்சிக்குப் பணம் கொடுக்கும் என்ஐஎச்-சின் பட்ஜெட்டை இரட்டிப்பாக்கினார்கள். பல்கலைக்கழகங்கள் கட்டடம் கட்டின, மாணவர்களைச் சேர்த்தன. அப்புறம் தண்ணீர் நின்றுவிட்டது. சேர்ந்த மாணவர்கள் பிஎச்.டி. முடித்து வெளியே வரும்போது ஆற்றில் மணல்தான் இருந்தது. மேற்பயிற்சி என்ற பெயரில் குறைந்த சம்பளத்தில் வருடக்கணக்கில் காத்திருந்தார்கள். 1980-ல் சுமார் 36 வயதில் கிடைத்த முதல் சுயேச்சை ஆய்வு மானியம், பிறகு 42 வயதைத் தாண்டித்தான் கிடைத்தது. 2014-ல் புரூஸ் ஆல்பர்ட்ஸ், ஹெரால்டு வார்மஸ் உள்ளிட்ட நான்கு மூத்த விஞ்ஞானிகள், இந்த அமைப்பே நிலைத்து நிற்க முடியாதது என்று வெளிப்படையாக எழுதினார்கள். வெள்ளத்தை நம்பி நாற்று விடக் கூடாது. பாலாற்றங்கரை விவசாயி மணலுக்கடியில் ஊற்று எடுத்துத்தான் பிழைத்தான்.

நம் பக்கம் என்ன நிலைமை? நெட் தேர்வில் ஜேஆர்எஃப் என்ற இளநிலை ஆராய்ச்சி உதவித்தொகை கிடைத்தவருக்கு 2023 ஜனவரியிலிருந்து மாதம் 37,000 ரூபாய். இரண்டு வருடம் கழித்து எஸ்ஆர்எஃப், அதாவது முதுநிலை ஆனால் 42,000. மொத்தம் ஐந்து வருடம். 2019-ல் 31,000, 35,000 என்று இருந்ததோடு ஒப்பிட்டால் உயர்வுதான். ஆனால் மிருகங்களிடமோ மனிதர்களிடமோ செய்யும் உயிர்மருத்துவ ஆய்வு ஐந்து வருடத்துக்குள் அடங்குவது அபூர்வம். நெறிமுறைக் குழுவின் அனுமதிக்கே மாதங்கள் ஓடும். ஆறாவது வருடம் தீசிஸ் எழுதும்போது உதவித்தொகை இருக்காது, வீட்டு வாடகை மட்டும் இருக்கும். ஐந்து வருடத்துக்குள்ளும் பணம் மாதாமாதம் வந்துவிடும் என்று சொல்ல முடியாது. எனக்குத் தெரிந்த ஒரு மாணவனுக்கு ஒன்பது மாதப் பாக்கி ஒரே நாளில் வந்தது. அதில் பாதி அன்றைக்கே கடன் கொடுத்தவர்களுக்குப் போனது. இத்தனைக்கும் அவன் தேர்வில் ஜெயித்தவன். ஜெயிக்காமல் புராஜெக்ட் சம்பளத்தை நம்பி இருப்பவர்கள்தான் அதிகம்.

மொத்த ஆராய்ச்சிக்கு இந்தியா செலவழிப்பது நாட்டின் உற்பத்தி மதிப்பில் 0.64 சதவீதம். பத்து லட்சம் மக்களுக்கு 262 ஆராய்ச்சியாளர்கள் என்று 2020-ஆம் ஆண்டுக்கான அரசுக் கணக்கு சொல்கிறது. 2000-ல் அது 110. ஏற்றம்தான், மறுக்கவில்லை. ஆனால் ஐஸ் பெட்டி தூக்கும் ஃபீல்டு ஒர்க்கர் இந்த 262-க்குள் வர மாட்டார். 2023-ல் சட்டம் போட்டு உருவாக்கிய அனுசந்தான் தேசிய ஆராய்ச்சி அறக்கட்டளைக்கு ஐந்து வருடத்தில் 50,000 கோடி என்று அறிவித்திருக்கிறார்கள். அதில் பெரும்பகுதி அரசுக்கு வெளியிலிருந்து வர வேண்டும். அந்தப் பணம் வந்து சேர்ந்தால், கருவி வாங்குவதற்கு முன்னால் இரண்டு புராஜெக்ட்டுக்கு நடுவே ஆட்களைத் தாங்க ஒரு பங்கை ஒதுக்கி வைக்கலாம் என்பது என் ஆசை. கருவியை விலைக்கு வாங்கிவிடலாம். எட்டு வருடக் கைப்பழக்கம் கடையில் கிடைக்காது.

வெளிநாட்டுப் பணத்தை நம்பி எவ்வளவு நாள் ஓட்டுவது என்ற கேள்வியும் இருக்கிறது. 2025 மே மாதம் என்ஐஎச், அமெரிக்க நிறுவனங்கள் வழியாக வெளிநாட்டுக் கூட்டாளிகளுக்குப் போகும் துணை மானியங்களை, புதிய ஏற்பாடு வரும்வரை இனி வழங்குவதில்லை என்று அறிவித்தது. வாஷிங்டன் பக்கத்தில் ஒரு கையெழுத்து விழுந்தால், உலகத்தின் இன்னொரு மூலையில் யாரோ ஒருவர் ஜவுளிக்கடைக்குப் போகிறார்.

நடத்தை அறிவியல், அதாவது மனிதர் ஏன் இப்படி நடந்துகொள்கிறார் என்று பார்ப்பது, என்றதும் பலருக்கு அது மருத்துவத்துக்கு ஒட்டுப்போட்ட விஷயமாகத் தெரிகிறது. வேலூர் அனுபவம் அப்படிச் சொல்லவில்லை. 1946-ல் இங்கே வந்த பால் பிராண்ட், தொழுநோயாளிகளின் விரல்கள் தானாக அழுகி விழுவதில்லை, வலி தெரியாததால் சூட்டிலும் கல்லிலும் அடிபட்டுத்தான் அழிகின்றன என்று காட்டினார். கையை அறுவை சிகிச்சையால் சரிசெய்ய வழி கண்டார். காலுக்கு மெத்தென்ற ரப்பரில் எம்சிஆர் செருப்பு வந்தது. 1955-ல் கரிகிரியில் தொழுநோய்க்கென்றே ஆய்வு மருத்துவமனை. எல்லாம் சரி, ஆனால் செருப்பைப் பார்த்ததுமே ஊர் கண்டுபிடித்துவிடும், இவன் யார் என்று. அதனால் போட மாட்டார்கள். கால் புண்ணாகும். ரப்பரின் அறிவியல் அங்கே முடிந்து, மனிதரின் அறிவியல் ஆரம்பிக்கிறது. அதைக் கவனிக்கவும் பயிற்சி பெற்ற ஆள் வேண்டும். அவர் பெரும்பாலும் பிசியோதெரபிஸ்ட்டாகவோ செருப்புத் தைப்பவராகவோ இருப்பார்.

வேலூரை அடுத்த கணியம்பாடி வட்டாரத்தில் நடந்தது இன்னும் கனமானது. சுமார் 1,08,000 மக்கள் வாழும் அந்தப் பகுதியில், கிராமத்து நலப்பணியாளரில் தொடங்கி மருத்துவர் வரை நான்கு அடுக்காக ஆட்கள் ஒவ்வொரு பிறப்பையும் இறப்பையும் பதிவு செய்து வந்தார்கள். இறந்தவர் வீட்டில் உட்கார்ந்து, விவரம் கேட்டு, காரணத்தை எழுதுவார்கள். பத்து வருடப் பதிவுகளை வைத்து 2004-ல் வெளியான ஆய்வு, 10 முதல் 19 வயதுப் பெண்களில் லட்சத்துக்கு 148 பேரும் ஆண்களில் 58 பேரும் ஆண்டுதோறும் தற்கொலையால் இறப்பதாகச் சொன்னது. நாட்டின் அதிகாரபூர்வக் கணக்குகளில் பார்த்த எண்களைவிட இது பல மடங்கு. எழவு வீட்டில் ஒரு தாய், போலீஸிடம் சொல்லாத ஒன்றை ஊர் நலப்பணியாளரிடம் சொல்கிறாள். அந்த நம்பிக்கையை மூன்று வருடப் புராஜெக்ட்டில் சம்பாதிக்க முடியாது. பணியாளர் மாறிவிட்டால் அடுத்தவர் பூஜ்யத்திலிருந்து தொடங்க வேண்டும்.

இதற்கு நேர்மாறாக, அதிகச் செலவில்லாமல் ஆட்களைத் தக்கவைத்த ஒரு வேலையும் இதே மண்ணில் நடந்தது. வைரஸ் நிபுணர் டி. ஜேக்கப் ஜான் தலைமையில், பழைய வட ஆற்காடு மாவட்டத்தில் நோய்க் கண்காணிப்பு வலை ஒன்று ஓடியது. வட ஆற்காடு மாவட்ட நலத் தகவல் என்பதன் ஆங்கில முதலெழுத்துகளைச் சேர்த்துப் படித்தால் ‘நதி’ என்று வரும். (1989-ல் மாவட்டத்தைப் பிரித்தார்கள், வட ஆற்காடு என்ற பெயரும் அப்புறம் மறைந்தது. நதி மட்டும் கொஞ்ச காலம் ஓடியது.) அரசு, தனியார் மருத்துவர்கள் தாங்கள் பார்த்த நோய்களை ஒரு தபால் கார்டில் குறித்து அனுப்புவார்கள். எங்கே அம்மை, எங்கே போலியோ, எங்கே காலரா என்று தெரிந்துவிடும். மருத்துவர்கள் ஏன் அலுக்காமல் அனுப்பினார்கள்? மாதாமாதம் ஒரு செய்தி மடல் அவர்கள் கைக்குத் திரும்பி வந்தது. தாங்கள் அனுப்பிய கார்டு எங்கே போனது என்று பார்க்க முடிந்தது. 1998-ல் ‘லான்செட்’ மருத்துவ இதழ் இதை வளரும் நாடுகளுக்கான ஒரு மாதிரியாக வெளியிட்டது. பின்னர் கேரளத்தின் கோட்டயத்திலும் செய்து பார்த்தார்கள். நம் ஃபீல்டு ஒர்க்கர்களில் எத்தனை பேருக்கு அவர்கள் சேகரித்த மாதிரியிலிருந்து என்ன தெரிந்தது என்று யாராவது உட்காரவைத்துச் சொல்கிறார்கள்? சம்பளத்துக்கு அடுத்தபடியாக ஆளைப் பிடித்து வைப்பது அதுதான் என்று எங்கள் தெருப் பெண் சொல்கிறாள். அவள் வேலை பார்த்த இடங்களில் ஒன்றே ஒன்றில்தான் அப்படிச் சொன்னார்களாம்.

மருத்துவர்களே ஆராய்ச்சியாளராவது தனிக்கதை. அதைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். காலையில் ஓபியில் நூறு பேரைப் பார்த்தவர் ராத்திரி ஒன்பது மணிக்கு டேட்டாவைத் திறக்கிறார். பதவி உயர்வுக்குக் கட்டுரை வேண்டும் என்பதால் பலர் எழுதுகிறார்கள், பதவி வந்ததும் நிறுத்திவிடுகிறார்கள். மேற்படிப்பு மருத்துவ மாணவர்களுக்கு ஆராய்ச்சி முறை பற்றிய ஆன்லைன் பாடத்தை இப்போது கட்டாயமாக்கியிருக்கிறார்கள். நல்லதுதான். ஆனால் பாடம் படித்தவருக்கு வாரத்தில் ஒரு நாள் ஓபி இல்லாமல் இருந்தால்தான் படித்தது கைக்கு வரும். இந்தியாவின் உயிர்த்தொழில்நுட்பத் துறையும் வெல்கமும் சேர்ந்து 2008-லிருந்து நடத்தும் ஐந்து வருட ஃபெலோஷிப் போன்றவை கிடைக்கிற சிலருக்கு அந்த நேரம் கிடைக்கிறது. மற்றவர்களுக்கு ராத்திரிதான்.

வேலூர் பாகாயத்தில் சிஎம்சியின் ஸ்டெம் செல் ஆராய்ச்சி மையம் இருக்கிறது. அங்கே ஹீமோஃபீலியா ஏ நோய்க்கு மரபணு சிகிச்சை கொடுத்த ஐந்து நோயாளிகளைப் பற்றிய முடிவுகள் 2024 டிசம்பரில் வெளிவந்தன. சின்னக் காயத்துக்கும் ரத்தம் நிற்காதவர்களுக்கு, ரத்தம் உறையவைக்கும் புரதத்தை அவர்கள் உடம்பே தயாரிக்க ஆரம்பித்திருக்கிறது. இப்படி மரபணுவுக்குள் புகுந்து உட்காரும் சிகிச்சைகளில், நோயாளியை 15 வருடம் தொடர்ந்து கவனிக்கச் சொல்கிறது அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பின் வழிகாட்டுதல். அந்த மாதிரி ஒரு சிகிச்சையில் ஒவ்வொரு வருடமும் போன் போட்டு, “எப்படி இருக்கீங்க, ஒருதடவை வந்துட்டுப் போங்க” என்று கூப்பிட ஒருவர் வேண்டும். குரலைக் கேட்டதும் அந்தப் பக்கம் அடையாளம் தெரிய வேண்டும்.

எங்கள் தெருப் பெண்ணுக்கு ஐந்தாவது ஐடி கார்டு போன மாதம் வந்தது. பச்சை நாடா. ஆர்டரில் மார்ச் 31 வரை என்று போட்டிருக்கிறது.